மேகம் மேய்க்கும் சாமி ஒன்றை உருவாக்குவது எப்படி?

மிகுபுனைவுக் கதை எழுத இறங்குகிறவர்களும், மேசையைச் சுற்றி உட்கார்ந்து பகடை உருட்டி ஆடும் கதை விளையாட்டுக்கு உலகம் அமைக்கிறவர்களும் சீக்கிரமே ஒரு சாமியிடம் வந்து நிற்பார்கள். மேகங்களை மந்தையாக ஓட்டும், மழை வெயிலைப் பார்த்துக்கொள்ளும், காலத்தையும் கையில் வைத்திருக்கும் ஒரு தெய்வம். நோட்டில் இதை எழுத ஐந்து நிமிடம் போதும். சிக்கல் பத்தாம் பக்கத்தில் ஆரம்பிக்கும். மழையையும் நேரத்தையும் நினைத்தபடி மாற்றுகிற சாமி இருக்கும் ஊரில் எந்தப் பிரச்சினையும் நீடிக்காது. கதையும் அதோடு முடிந்துவிடும்.

எனவே சாமிக்குச் சக்தியைக் கொடுக்கும் முன் ஒரு வேலையைக் கொடுங்கள். வேலை என்று வந்துவிட்டால் வேளை, வழித்தடம், கருவி, அசதி, கைத்தவறு எல்லாம் பின்னாலேயே வரும். அந்த வேலையை எங்கிருந்து எடுப்பது என்று உதகையிலோ குன்னூரிலோ கோத்தகிரியிலோ இருப்பவர் யோசிக்க வேண்டியதில்லை. ஒரே மாவட்டத்தில் இரண்டு பருவமழை, உறைபனி, மழை மறைவுப் பகுதி என எல்லாம் கைக்கெட்டும் தூரத்தில் இருக்கின்றன. இந்தக் கட்டுரையில் எடுத்துக்காட்டுக்கு மஞ்சாய்ச்சி என்ற ஒரு சாமியை உருவாக்கிக்கொண்டே போவோம். மஞ்சு (மலையில் தவழும் மேகம்) மேய்க்கும் ஆய்ச்சி (இடைச்சி). முழுக்கக் கற்பனை. உங்கள் சாமிக்கு வேறு பெயர் வைத்துக்கொள்ளுங்கள், முறை மட்டும் இதுவே.

தொடங்குமுன் ஒரு எல்லைக்கோடு

நீலகிரியில் மேய்ச்சலும் வழிபாடும் பிரிக்க முடியாமல் பின்னிக் கிடக்கின்றன. தோடர்களின் எருமைகளும் பால்மனைகளும் இன்றும் நடப்பில் இருக்கிற சமயம். எருமைகளுக்கு உப்பு நீர் கொடுப்பதுகூட அவர்களிடம் ஒரு சடங்கு. படுகர்களுக்கு ஹெத்தையம்மன் இருக்கிறாள். கோத்தர், குறும்பர், இருளர் ஒவ்வொருவருக்கும் தனித்தனி வழிபாடு உண்டு. இவற்றிலிருந்து பெயர், உடை, மந்திரம், கோயில் வடிவம் எதையும் எடுக்காதீர்கள். "கொஞ்சம் மாற்றிப் போட்டுவிட்டேன்" என்பது பக்கத்து ஊர்க்காரர் படிக்கும்போது எடுபடாது. மேய்ச்சல் சொற்கள் வேண்டுமென்றால் பொதுத்தமிழிலேயே தாராளமாக இருக்கின்றன: மந்தை, பட்டி, கிடை, தொரட்டி, அசைபோடுதல். மலையும் மேய்ச்சலும் ஒன்றாக வரும் சாமிக்குப் பழந்தமிழ் இலக்கணமும் துணைக்கு வரும். குறிஞ்சிக்குக் கூதிரும் முன்பனியும் யாமமும், முல்லைக்குக் காரும் மாலையும் என்று தொல்காப்பியம் நிலத்தோடு பொழுதைக் கட்டி வைத்திருக்கிறது. உங்கள் சாமி இந்த இரண்டு நிலத்துக்கும் நடுவே நிற்கிறது.

முதல் படி: மந்தைகளைப் பிரியுங்கள்

"மழை" என்று ஒரே சொல்லில் எழுதாதீர்கள். மஞ்சாய்ச்சிக்கு மூன்று மந்தைகள் உண்டு. மூன்றும் மலையில் நடப்பதிலிருந்து அப்படியே எடுத்தவை.

குடக்கு (மேற்கு) மந்தை ஜூனில் வந்து செப்டம்பர் வரை நிற்கும். கறுத்த, கனத்த, நிதானமான மாடுகள். மேற்கே கூடலூர், பந்தலூர், தேவாலா வழியாக ஏறும். ஈரக்காற்று சரிவில் மோதி மேலேறும்போது குளிர்ந்து தண்ணீரை இறக்கிவிடும். முகட்டைத் தாண்டிக் கீழே இறங்கும்போது மடி வற்றியிருக்கும். அதனால்தான் கூடலூர் நனைந்துகொண்டிருக்கும் அதே வாரத்தில் மசினகுடிப் பக்கம் புழுதி பறக்கும். 2019 ஆகஸ்ட் இரண்டாம் வாரத்தில் அவலாஞ்சியில் ஒரே நாளில் 82 சென்டிமீட்டர் மழை பதிவானது. ஒரு சதுர மீட்டருக்கு 820 லிட்டர். உங்கள் கதையில் "பெருமழை" என்று எழுதுமுன் இந்த அளவை மனதில் வையுங்கள். புதிதாக எழுதுகிறவர்கள் பெரும்பாலும் தூறலைப் பிரளயம் போல எழுதிவிடுகிறார்கள்.

குணக்கு (கிழக்கு) மந்தை அக்டோபர் முதல் டிசம்பர் வரை. கிழக்கே சமவெளியிலிருந்து மேட்டுப்பாளையம் பக்கமாக ஏறும். இதை வாங்கிக்கொள்வது குன்னூரும் கோத்தகிரியும். 2009 நவம்பரில் குன்னூர், கேத்தி பக்கம் மண் சரிந்து உயிர்கள் போனது இந்தப் பருவத்தில்தான். இந்த மந்தை முன்னதைவிடச் சுறுசுறுப்பானது. இரண்டு மூன்று நாள் கொட்டும், பிறகு வெளுத்துவிடும்.

மூன்றாவது, பட்டி தப்பிய காளைகள். ஏப்ரல், மே மாதங்களில் காலை முழுவதும் வெயில் அடித்து, மதியத்துக்கு மேல் இடியோடு வரும் கோடைமழை. ஒரு சரிவு நனையும், எதிர்ச்சரிவு காய்ந்து கிடக்கும். மஞ்சாய்ச்சிக்கு இவை மீது பிடி கிடையாது. கத்திரி வெயில் காலத்தில் கார்த்திகை விண்மீன் கூட்டம் சூரியனுக்குப் பக்கத்தில் போய்க் கண்ணுக்குத் தெரியாமல் இருக்கும். அவளுடைய காவல் நாய்கள் அந்த விண்மீன்கள் என்று வைத்துக்கொண்டால், அவை வேலைக்கு வராத மாதத்தில் காளைகள் தப்பிக்கின்றன என்ற கணக்கு தானாகப் பொருந்திவிடுகிறது. நவம்பர் பிற்பாதியில் அதே கூட்டம் பொழுது சாயும்போது கிழக்கே ஏறும். நாய்கள் ராக்காவலுக்குத் திரும்பிவிட்டன.

இரண்டாம் படி: சாமி இல்லாதபோது என்ன ஆகிறது?

பெரும்பாலோர் கோட்டைவிடும் இடம் இது. மழைச்சாமி கோபித்தால் புயல் என்று எழுதுவது கைப்பழக்கம். மலைக்காரர்கள் மழைக்கு நிகராக அஞ்சும் இன்னொன்று உண்டு: உறைபனி. அது மேகம் இல்லாத இரவில் வருகிறது.

நடப்பது இதுதான். பகலில் சூடேறிய நிலம் இரவில் வெப்பத்தை வானத்துக்கு விடுகிறது. மேலே மேகம் இருந்தால் அதில் ஒரு பங்கு திரும்பி வரும். மேகமும் காற்றும் இல்லாத இரவில் தடுப்பாரில்லை. குளிர்ந்த காற்று கனமானது. சரிவில் வழிந்து பள்ளத்தில் தேங்கும். நவம்பர் வாக்கில் முதலில் நீர்ப்பனி, பிறகு பிப்ரவரி வரை விட்டு விட்டு உறைபனி. தலைகுந்தா, காந்தல் போன்ற தாழ்ந்த இடங்களில் காலையில் புல்வெளி வெள்ளை வெளேரென்று கிடக்கும். பள்ளத்துத் தேயிலை கருகும். ஐம்பது அடி மேலே இருக்கும் தேயிலை பச்சையாக நிற்கும்.

இதைச் சாமிக்கு மாற்றினால் கதை கிடைத்துவிடுகிறது. மஞ்சாய்ச்சி மந்தையை ஓட்டிக்கொண்டு வேறு மலைக்குப் போன இரவு, போர்வை இல்லாத இரவு. அவளுக்கு யார் மேலும் கோபமில்லை. அவள் இல்லை, அவ்வளவுதான். பள்ளத்தில் நிலம் வைத்திருக்கிற நல்லவனின் தோட்டம் கருகும், மேட்டில் இருக்கும் வட்டிக்காரனின் தோட்டம் பிழைக்கும். இதற்கு ஊர்ப் பூசாரி என்ன விளக்கம் சொல்வார் என்று அரைப்பக்கம் எழுதிப் பாருங்கள். அந்த அரைப்பக்கத்தில்தான் உங்கள் சமயம் உயிர் பெறும். விளக்கம் சரியாக இருக்க வேண்டும் என்று கட்டாயமில்லை. பள்ளத்துக்காரர்களும் மேட்டுக்காரர்களும் வெவ்வேறு விளக்கம் வைத்திருந்தால் இன்னும் நல்லது.

மூன்றாம் படி: காலத்தை எண்ணிக்கையாக மாற்றுங்கள்

"காலத்தின் தெய்வம்" என்ற பட்டம் ஆபத்தானது. நேரத்தைப் பின்னோக்கி ஓட்டும் சக்தியை ஒருமுறை கொடுத்துவிட்டால், ஒவ்வொரு சாவுக்கும் ஆட்டக்காரர்கள் அவளிடம் ஓடுவார்கள். மேய்ப்பவள் காலத்தை ஆள்வதில்லை, எண்ணுகிறாள். காலையில் பட்டியைத் திறக்கும்போது ஒரு எண்ணிக்கை, மாலையில் அடைக்கும்போது ஒரு எண்ணிக்கை. இந்த வரம்பை முதல் பக்கத்திலேயே எழுதி அடிக்கோடிடுங்கள்.

அளவுகள் தமிழில் தயாராக இருக்கின்றன. ஒரு நாளுக்கு 60 நாழிகை, ஒரு நாழிகை 24 நிமிடம். மூன்று மணி நேரம் ஒரு சாமம், நாளுக்கு எட்டு. பெரிய அளவுக்குக் குறிஞ்சியை எடுங்கள். 12 ஆண்டுக்கு ஒருமுறை பூக்கும் நீலக்குறிஞ்சி 2006இலும் 2018இலும் பூத்தது, அடுத்தது 2030. மஞ்சாய்ச்சி தன் மொத்த மந்தையையும் எண்ணி முடிக்க ஒரு குறிஞ்சி ஆகும் என்று வைக்கலாம். உங்கள் ஊர்க்காரர்கள் வயதையும் குறிஞ்சியில் சொல்வார்கள்: "மூணு குறிஞ்சி வயசான கிழவி" என்றால் முப்பத்தாறைத் தாண்டியவள். மலைவாழ்வில் அந்த வயதுக்குக் கிழவி என்பது உங்கள் உலகம் எவ்வளவு கடினமானது என்பதையும் சேர்த்தே சொல்லிவிடும்.

இனி வானிலையும் காலமும் ஒட்டும் இடம். நிழலைப் பார்த்து நேரம் சொல்கிற ஊரில் மஞ்சு மூடிவிட்டால் நேரம் தெரியாது. ஆகவே ஒரு சட்டம்: மஞ்சு மூடிய நேரம் கணக்கில் சேராது. வட்டி ஏறாது, தண்டனை நாள் குறையாது, வாக்குக் கொடுத்த கெடு நகராது. இந்த ஒரு சட்டத்திலிருந்து வழக்கு, மோசடி, மஞ்சு விலகாமல் இருக்க வேண்டிக்கொள்ளும் கடன்காரன் என்று நான்கு அமர்வுக்குக் கதை கிடைக்கும்.

நான்காம் படி: கோயில் கருவிகளைச் செய்து பாருங்கள்

எழுதுவதற்கு மட்டும் என்றால் இந்தப் படியைத் தாண்டலாம். ஆனால் இரண்டு கருவிகளும் வீட்டில் செய்யக்கூடியவை, செலவு நூறு ரூபாயைத் தாண்டாது. செய்யும்போது தெரியவரும் கோளாறுகள்தான் நல்ல சமயக் கதைகள்.

நிழல் தட்டு. ஒரு பழைய சிடியையோ வட்டமாக வெட்டிய தடித்த அட்டையையோ எடுத்து, விளிம்பில் 6 பாகைக்கு ஒரு கோடு போடுங்கள். மொத்தம் 60 கோடு, கோட்டுக்கு ஒரு நாழிகை. நடுவில் பின்னல் ஊசியையோ நேரான குச்சியையோ தட்டுக்குச் செங்குத்தாகச் செருகுங்கள். குச்சி இரண்டு பக்கமும் நீட்டிக்கொண்டிருக்க வேண்டும். குச்சியின் முனை வடக்கைப் பார்க்க, தரையிலிருந்து பதினொன்றரை பாகை உயர்த்தி நிறுத்துங்கள். உதகையின் அட்சரேகை அதுதான். தட்டு கிட்டத்தட்டச் செங்குத்தாக நிற்கும். படத்தில் பார்த்த நிழற்கடிகாரம் போல இல்லையே என்று மாற்றிவிடாதீர்கள். நம் அட்சரேகையில் தரையில் படுக்கவைத்த தட்டு செய்தால் நண்பகலை ஒட்டிய கோடுகள் ஒன்றோடொன்று நெருக்கியடித்துப் படிக்க முடியாமல் போகும்.

கோளாறு ஒன்று: மார்ச் 21 முதல் செப்டம்பர் 23 வரை வெயில் தட்டின் வடக்கு முகத்தில் விழும், மற்ற ஆறு மாதம் தெற்கு முகத்தில். ஒரு பக்கம் மட்டும் கோடு போட்டவர்கள் அக்டோபரில் தட்டு கெட்டுவிட்டது என்று தூக்கிப் போடுவார்கள். இரண்டு பக்கமும் போடுங்கள், பின்பக்கத்தில் எண்கள் எதிர்த்திசையில் ஓடும். கோளாறு இரண்டு: கைக்கடிகாரத்தோடு ஒத்துப்போகாது. இந்திய நேரம் 82.5 பாகைத் தீர்க்கரேகைக்கு உரியது. உதகை அதற்கு மேற்கே இருப்பதால் சராசரியாக 12.23க்குத்தான் நண்பகல். நவம்பர் தொடக்கத்தில் 12.07, பிப்ரவரி நடுவில் 12.37 என்று ஊசலாடவும் செய்யும். சராசரி வித்தியாசம் ஏறக்குறைய ஒரு நாழிகை. மலை நேரம் சமவெளி அரசின் நேரத்துக்கு ஒரு நாழிகை பிந்தி ஓடுகிறது என்ற பூசல் உங்கள் கதைக்கு இலவசமாகக் கிடைக்கிறது.

இந்த உயர்த்தும் கணக்கைப் பெரிய அளவில் பார்க்க வேண்டுமானால் உதகை முத்தோரையில் 1970 முதல் இயங்கும் ரேடியோ தொலைநோக்கி இருக்கிறது. 530 மீட்டர் நீளம், 30 மீட்டர் அகலம். அட்சரேகைக்குச் சமமாகச் சரிந்த மலைச்சரிவைத் தேடிப் பிடித்து, வடக்குத் தெற்காகக் கிடத்தியிருக்கிறார்கள். அதனால் அதன் அச்சு பூமியின் அச்சுக்கு இணையாக இருக்கிறது. ஒரே அச்சில் சுழன்று ஒரு வான்பொருளை மணிக்கணக்கில் தொடர முடிகிறது. மஞ்சாய்ச்சியின் தொரட்டி எப்படி இருக்கும் என்று கேட்கிறவர்களுக்கு இதைவிட நல்ல மாதிரி கிடையாது.

நாழிகைக் கிண்ணம். மெல்லிய எவர்சில்வர் அல்லது பித்தளைக் கிண்ணம், ஒரு டம்ளர் கொள்ளளவு. அடியில் மிகச் சிறிய துளை, ஒரு மில்லிமீட்டருக்கும் குறைவாக. வாளித் தண்ணீரில் மிதக்கவிட்டால் மெதுவாக நிறைந்து மூழ்கும். 24 நிமிடம் ஆக வேண்டும். துளையைச் சிறிதாகத் தொடங்கிப் படிப்படியாகப் பெரிதாக்குங்கள், பெரிதானதைச் சுருக்க முடியாது. பிளாஸ்டிக் கிண்ணம் நிறைந்த பிறகும் மிதக்கும், வேண்டாம். தண்ணீரை வடிகட்டுங்கள்; ஒரு தூசி அடைத்தால் நேரம் நின்றுவிடும்.

குளிர்ந்த தண்ணீர் மந்தமாக ஓடும் என்பதால் பனி இரவில் கிண்ணம் மூழ்கத் தாமதமாகும். விடியும்போது எண்ணிக்கை குறைந்திருக்கும். பூசாரியின் கணக்குப்படி அந்த இரவு சுருங்கிவிட்டது. போகும்போது மஞ்சாய்ச்சி கொஞ்சம் நேரத்தையும் ஓட்டிக்கொண்டு போய்விட்டாள். தண்ணீர் உறைந்தே போனால் எண்ணிக்கையே கிடையாது. இப்படி நிழல்காரர், கிண்ணக்காரர் என்று பூசாரிகள் இரண்டு கட்சியாகப் பிரிவதற்கு நீங்கள் சதி எதுவும் புனைய வேண்டாம். கருவிகளே பிரித்துவிடும்.

ஐந்தாம் படி: அடையாளமும் திருநாளும்

சாமி தோன்றும் காட்சிக்கு மின்னல், இடி, அசரீரி என்று போகாதீர்கள். கொடைக்கானல் கோக்கர்ஸ் வாக் போன்ற செங்குத்தான விளிம்பில், முதுகுப்பக்கம் தாழ்ந்த வெயிலும் எதிரே மஞ்சும் இருந்தால், உங்கள் நிழல் மஞ்சின் மேல் பூதாகரமாக விழும். தலையைச் சுற்றி வானவில் நிறத்தில் வளையம் தெரியும். இதில் நுட்பமான செய்தி: பக்கத்தில் நிற்பவரின் நிழல் உங்களுக்குத் தெரியலாம், ஆனால் வளையம் உங்கள் தலையைச் சுற்றி மட்டுமே தெரியும். அவருக்கோ அவர் தலையைச் சுற்றி. நாலு பேர் வரிசையாக நின்றால் நாலு பேரும் மஞ்சாய்ச்சி தன்னைத்தான் தேர்ந்தெடுத்தாள் என்று சத்தியம் செய்வார்கள். ஒருவரும் பொய் சொல்லவில்லை.

திருநாளுக்கு நிழல் இல்லா நாளை எடுங்கள். உதகையில் ஏப்ரல் 20ஐ ஒட்டியும் ஆகஸ்ட் 22ஐ ஒட்டியும் நண்பகல் சூரியன் நேர் உச்சியில் நிற்கும். நட்டுவைத்த கம்புக்கு நிழல் இருக்காது. ஏப்ரல் திருநாள் பொதுவாகத் தெளிவாகத் தெரியும். ஆகஸ்டில் குடக்கு மந்தை வானத்தை அடைத்துக்கொண்டிருப்பதால் பல ஆண்டுகள் பார்க்கவே முடியாது. ஒரு திருநாள் கண்ணால் கண்டது, மற்றது நம்பிக்கையால் கொண்டாடுவது. காணிக்கையாகத் தேங்காய் பழம் வேண்டாம். ஒரு கிண்ணம் மூழ்கும்வரை பேசாமல் நிற்பது போதும். காலச்சாமிக்குக் காலத்தையே கொடுப்பதால் செல்வர், ஏழை எல்லோருக்கும் விலை ஒன்றுதான். ஆட்டத்தில் எதிரி துரத்தும்போது 24 நிமிடம் நிற்பது உண்மையிலேயே வலிக்கும்.

ஆறாம் படி: பகடைக்குக் கொண்டுவருதல்

விளையாட்டுக்கென்றால் சாமத்துக்கு ஒருமுறை ஒரு பகடை. 1 முதல் 4 விழுந்தால் முந்தைய சாமத்து வானிலை தொடரும். 5, 6 விழுந்தால்தான் மாற்றம். அப்போது இரண்டு பகடை உருட்டிக் கூட்டுங்கள். குடக்கு மந்தைக் காலத்தில் 4 வரை வெளுப்பு, 5–6 மஞ்சு, 7–9 விடாத தூறல், 10 முதல் கனமழை. கூடலூர்ச் சரிவில் இரண்டைக் கூட்டுங்கள், கோத்தகிரியில் இரண்டைக் கழியுங்கள். குணக்கு மந்தைக் காலத்தில் இந்தக் கூட்டல் கழித்தலைத் தலைகீழாக்குங்கள். டிசம்பர் கடைசி முதல் பிப்ரவரி வரை இரவில் வெளுப்பு விழுந்தால் பள்ளத்தில் உறைபனி.

"தொடரும்" விதியை விட்டுவிட்டு ஒவ்வொரு சாமமும் புதிதாக உருட்டுவது வழக்கமான பிழை. காலையில் கனமழை, பத்து மணிக்கு வெயில், மதியம் மஞ்சு, மாலை மறுபடி கனமழை என்று வரும். ஜூலையில் ஒரு வாரம் உதகையில் துணி உலர்த்திப் பார்த்தவர் யாரும் இதை நம்பமாட்டார்.

பூசாரி வேடக்காரருக்கு ஒரே ஒரு சலுகை: ஒரு கிண்ண நேரம் நின்றால் அடுத்த பகடையை இரண்டு முறை உருட்டி, பிடித்ததை வைத்துக்கொள்ளலாம். இதற்கு மேல் கொடுத்தால் ஆட்டம் சாய்ந்துவிடும்.

பழனிமலைக்கு மாற்றுவதென்றால்

கொடைக்கானலில் மஞ்சாய்ச்சியை வைக்க விரும்புகிறவர்கள் மந்தைகளின் எடையை மாற்ற வேண்டும். மேற்கே உயர்ந்த மலைகள் மறைப்பதால் அங்கே குடக்கு மந்தை மெலிந்தே வரும். அக்டோபர், நவம்பரில் வரும் குணக்கு மந்தைதான் பெரிது. கம்பு நிழல் மறைவது ஏப்ரல் 16ஐயும் ஆகஸ்ட் 26ஐயும் ஒட்டி. குச்சியை 10 பாகைக்குச் சற்று மேலே வைத்தால் போதும், சராசரி நண்பகல் 12.20. குறிஞ்சி ஆண்டவர் கோயில் அங்கே முருகனுடையது, அதைக் கதைக்குள் இழுக்காதீர்கள். சூரியனை 1901 முதல் நாள்தோறும் பார்த்துப் பதிந்து வரும் வானாய்வகம் அங்கே இருக்கிறது. நிழல்காரர் கட்சி கொடைக்கானலில் ஓங்கியிருப்பதற்கு அது போதுமான முன்மாதிரி.

எழுதி முடித்த பின் தாளை இந்த உலகம் தெரியாத நண்பரிடம் கொடுத்து, "கார்த்திகை மாதம் பொழுது சாயும் நேரம், கோத்தகிரிச் சரிவில் ஒருவன் நிற்கிறான், மேலே என்ன நடக்கிறது, அவன் யாரைத் திட்டுவான்?" என்று கேளுங்கள். தாளைப் பார்த்தே அவர் பதில் சொன்னால் முதல் அமர்வுக்கு நாள் குறிக்கலாம். சொல்லத் தடுமாறினால் மூன்றாம் படியையும் கோயில் கருவிகளையும் விட்டுவிட்டு, மந்தைப் பட்டியலை மட்டும் திருத்துங்கள். குறை பெரும்பாலும் அங்கேதான் இருக்கும்.